நான் கொடுத்த பின்னணிக் குரல்

அன்புள்ள சின்னவளுக்கு அப்பா எழுதிக்கொள்வது,

உடம்பு என்ற அளவில் நானும் அம்மாவும் நலம், நீயும் அந்த அளவிலாவது நலமாக இருப்பாய் என்று நம்புகிறேன், மற்ற அளவுகளைப் பற்றித்தான் இந்தக் கடிதம். ஃபோன் இருக்கும்போது இந்த மனுஷன் எதற்குத் தாளும் பேனாவுமாக உட்கார்ந்திருக்கிறான் என்று நீ நினைக்கலாம். மூன்று தடவை ஃபோனில் சொல்லப் பார்த்தேன். உன் குரலைக் கேட்டதும் என் வாயில் தானாக ஒரு ஜோக் வந்துவிடுகிறது, நீ சிரித்துவிடுகிறாய், நீ சிரித்த பிறகு அந்த விஷயத்தைச் சொல்ல எனக்குத் தைரியம் வருவதில்லை. தாளில் எழுதினால் நீ சிரிப்பது எனக்குக் கேட்காது. பத்தாம் வகுப்பை இரண்டு தடவை படித்தவன் எழுத்து, கொம்பும் காலும் அங்கங்கே இடம் மாறியிருக்கும், பொறுத்துக்கொள்.

போன வாரம் நீ அம்மாவுக்கு அனுப்பிய நீளமான மெசேஜை அவள் கண்ணாடி போட்டுக்கொண்டு எனக்கு வாசித்துக் காட்டினாள். இனி படம் எடுக்கப் போவதில்லை, கேமராவை விற்கக் கொடுத்துவிட்டேன், ஒரு விளம்பரக் கம்பெனியில் சோப்பு விளம்பரம் வெட்டி ஒட்டும் வேலைக்குச் சேருகிறேன் என்று எழுதியிருந்தாய். ஆலைப் படத்தில் பேசிய ஒன்பது பேரும் நிர்வாகத்திடம் மாட்டிக்கொண்டதற்கு, ஒரே ஒரு குரலை மாற்றாமல் விட்டு, அந்த ஒருவர் வழியாக மற்றவர்களும் தெரிந்துவிட்டதுதான் காரணம், அதனால் சவுண்டுக்காரரை வேலையை விட்டு அனுப்பிவிட்டேன், அவரை நம்பியது என் தப்பு, இவ்வளவு பேரை நம்ப வைத்தது அதைவிடப் பெரிய தப்பு என்றும் எழுதியிருந்தாய். சின்னவளே, அதில் பெரிய பிழை இருக்கிறது. அவர்கள் மாட்டியது குரலால் இல்லை. சவுண்டுக்காரர் மேல் ஒரு குற்றமும் இல்லை, உன் மேலும் இல்லை. அது என்னால். எப்படி என்று சொல்கிறேன், என் வழக்கப்படி ஊரெல்லாம் சுற்றிக்கொண்டுதான் வருவேன், ஆனால் வந்துவிடுவேன். வராமல் போனால் ஒன்றாம் தேதி தானே சொல்லிவிடுவதாக அம்மா கெடு வைத்திருக்கிறாள்.

முதலில் வீட்டுச் சமாச்சாரம். அம்மாவுக்கு வலது முட்டி படி ஏறும்போது வலிக்கிறது, இறங்கும்போது இல்லை, நம் வீட்டில் இருப்பதே நாலு படி என்பதால் டாக்டர் அதை ஒரு வியாதியாகவே மதிக்க மாட்டேன் என்கிறார். குளியலறைக் குழாய் ஒழுகியது, பிளம்பர் வந்து பார்த்துவிட்டு, "போன தடவை இதைப் பிரிச்சது எந்தப் புத்திசாலி" என்று கேட்டார், நான் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டு நின்றேன். மாப்பிள்ளை உடம்பைக் குறைக்கிறேன் என்று ஓட ஆரம்பித்து மூன்றாம் நாள் கணுக்கால் வீங்கி என்னிடம் வந்தார், நீளமாக ஒரு கட்டுப் போட்டு அனுப்பினேன், பெரியவள் அதைப் பார்த்துவிட்டு "காலுக்குத்தானப்பா அடி, எதுக்கு இடுப்பு வரைக்கும்" என்றாள். பேத்திக்கு முன்பல் இரண்டும் விழுந்துவிட்டன. பல் இல்லாதவங்களையும் சித்தி படம் எடுப்பாங்களா என்று கேட்கிறாள். அவங்களைத்தான் எடுப்பாள் என்று சொல்லிவைத்திருக்கிறேன். நீ அங்கே சாப்பாட்டை நேரத்துக்குச் சாப்பிடு, ரொட்டியைத் தின்றுவிட்டு சாப்பிட்டேன் என்று அம்மாவிடம் பொய் சொல்லாதே, அவளுக்கு உன் குரலிலேயே தெரிந்துவிடுகிறது.

உன் மெசேஜைக் கேட்டதிலிருந்து உன் படங்களைத்தான் ஒவ்வொன்றாக நினைத்துக்கொண்டிருக்கிறேன். முதல் படம் பெரிய ஆஸ்பத்திரியின் சலவைக்கூடத்தில் வெறுங்கையால் ரத்தத் துணி அலசும் பெண்களைப் பற்றியது. நீ கேமராவைத் தொடாமலேயே நாலு மாதம் அங்கே போய் அவர்களோடு டீ குடித்துவிட்டு வந்துகொண்டிருந்தாய். படம் எடுக்கிறேன் என்று கிளம்பிப்போய் டீ குடித்துவிட்டு வருகிறாயே என்று கேட்டேன், "இதுவும் எடுக்கிறதுதாம்பா" என்றாய். கல்லூரி அறை ஒன்றில் அதைப் போட்டுக் காட்டியபோது வந்தது பதினாலு பேர், அதில் ஐந்து பேர் நம் வீட்டார். நடுவில் ஒரு விரிப்பு கொடியில் தொங்கிக்கொண்டு சொட்டுகிறது, சொட்டுகிறது, மூன்று நிமிஷமாகச் சொட்டுகிறது, பாட்டு இல்லை பேச்சு இல்லை. மெஷின் சிக்கிக்கொண்டது என்று நினைத்து நான் எழுந்து போய் புரொஜெக்டரைத் தட்டப் போக, என் வழுக்கைத் தலையின் நிழல் அந்த விரிப்பின் மேல் நிலா மாதிரி எழுந்தது. "அப்பா, உக்காருங்க" என்று நீ பல்லைக் கடித்துக்கொண்டு சொன்னது இன்னும் காதில் இருக்கிறது. மறு வருஷம் அந்தப் பெண்களுக்குக் கையுறை வந்தது. அளவு பெரிது, கழன்று கழன்று விழுந்தது, ஆனாலும் வந்தது. இரண்டாவது, குடிசையிலிருந்து பதினோரு மாடிக் கட்டடத்துக்கு மாற்றப்பட்டவர்கள் படம், லிஃப்ட் ஓடாத கட்டடம். ஒரு பெரியவர் தண்ணீர்க் குடத்தோடு கீழிருந்து மேலே ஏறுவதை வெட்டாமல் அப்படியே வைத்தாய், ஏழாவது மாடியில் அவர் நின்றபோது எனக்கும் மூச்சு வாங்கியது. அதற்கு வெளிநாட்டில் பரிசு கொடுத்தார்கள், பெரிய அதிகாரிகள் கட்டடத்தைப் பார்க்க வந்தார்கள், அவர்கள் வந்த வாரம் மட்டும் லிஃப்ட் ஓடியது. மூன்றாவது, அலுவலக வாசலில் உட்கார்ந்து அடுத்தவர்களுக்கு மனு எழுதிக்கொடுக்கிறவர்களின் படம், உள்ளே மனு போய்க்கொண்டே இருக்கும், வெளியே ஒன்றும் வராது. அதைப் போட்டுக்காட்ட யாரும் இடம் தரவில்லை, அட்டைப்பெட்டியில் நம் பரண்மேல் இருக்கிறது, அம்மா மாதம் ஒரு தடவை தூசு தட்டுகிறாள்.

உன் படத்தில் யாரும் பின்னாலிருந்து பேசி விளக்க மாட்டார்கள். பின்னணிக் குரல் வைத்தால் பார்க்கிறவன் பார்ப்பதை விட்டுவிட்டுக் கேட்க ஆரம்பித்துவிடுவான் என்பாய். கேள்வியும் கேட்க மாட்டாய். உட்கார்ந்திருப்பவர் உயரத்துக்குக் கேமராவை இறக்கி வைத்துவிட்டுச் சும்மா இருப்பாய், நீ அப்படிச் சும்மா இருப்பதைத் தாங்க முடியாமல் மனுஷர்கள் உள்ளே இருப்பதை எடுத்து வெளியே வைப்பார்கள். இதை எங்கே கற்றீர்கள் என்று ஒரு பேட்டியில் கேட்டபோது ஏதோ வெளிநாட்டுப் பள்ளிக்கூடத்தைச் சொன்னாய். அம்மாவிடம்தான் கற்றாய் என்று எனக்குத் தெரியும். கோபம் வந்தால் அவளும் அப்படித்தான் எதிரில் வந்து உட்கார்ந்து சும்மா இருப்பாள், பத்து நிமிஷத்தில் நான் செய்யாத தப்பையும் சேர்த்து ஒப்புக்கொண்டுவிடுவேன். இன்னொன்றும் உன்னிடம் எனக்குப் பிடிக்கும். எடுத்த படத்தை வேறு யாருக்கும் காட்டுமுன், அதில் இருப்பவர்களைக் கூட்டி உட்காரவைத்துக் காட்டுவாய். வேண்டாம் என்று அவர்கள் சொல்லும் இடத்தை, அது எவ்வளவு நல்ல இடமாக இருந்தாலும், எடுத்துவிடுவாய். சலவைக்காரம்மா ஒருத்தர் "என் செருப்பு கிழிஞ்சு தெரியுது" என்று சொன்னதற்காக நாலு நிமிஷத்தைத் தூக்கிவிட்டு மூன்று நாள் சாப்பிடாமல் உட்கார்ந்திருந்தாய்.

அப்புறம் நம் ஆலைக்கு வந்தாய். தகடு வெட்டும் பிரஸ் மெஷினுக்கு இரண்டு பட்டன் உண்டு, இரண்டு கையாலும் இரண்டையும் சேர்த்து அழுத்தினால்தான் மேல் பாகம் இறங்கும், கை இரண்டும் பட்டனில் இருந்தால் மேல் பாகத்தின் அடியில் இருக்க முடியாது, அதற்காகத்தான் அந்த ஏற்பாடு. ஒரு பட்டனில் மரத்துண்டைச் செருகி எப்போதும் அழுந்தியே இருக்கும்படி செய்துவிட்டால் ஒரு கையால் தகட்டை உள்ளே தள்ளிக்கொண்டு மறு கையால் ஓட்டலாம், வேலை இரண்டு மடங்கு நடக்கும். மேலே இருப்பவர்கள் மரத்துண்டைப் பார்க்காத மாதிரி நடந்து போவார்கள். அப்படி விரல் போனவர்களுக்கு முதல் கட்டுப் போட்டுக்கொண்டிருந்தவன் நான். கேன்டீனுக்குப் பக்கத்து முதலுதவி அறையில் ஒரு கட்டில், ஒரு அலமாரி, ஒரு மேஜை, இருபத்தாறு வருஷம். கழுவி, அழுத்திப் பிடித்து, சுற்றி, விழுந்த விரலை ஐஸ் பெட்டியில் வைத்து ஆஸ்பத்திரிக்கு அனுப்ப வேண்டும். தையல் போட்டுத் திரும்பி வந்த பிறகு ஒரு நாள் விட்டு ஒரு நாள், மாதக்கணக்கில், கட்டை அவிழ்த்துத் துடைத்து மறுபடி கட்டுவதும் நான்தான். எனக்கு அரை டாக்டர் என்று பெயர் வைத்தவன் விசில், அது அவனுக்கு நாங்கள் வைத்த பட்டப்பெயர். பிரஸ் ஷாப்பின் இந்த மூலையிலிருந்து அந்த மூலையில் இருப்பவனைக் கூப்பிட அவன் இரண்டு விரலை வாயில் வைத்து ஒரு விசில் அடிப்பான், மெஷின் சத்தத்தையும் தாண்டிக் கேட்கும். அந்த இரண்டு விரலைத்தான் மெஷின் எடுத்துக்கொண்டது. பெயர் மட்டும் அப்படியே நின்றுவிட்டது. கட்டுப் போடும்போது, "அரை டாக்டரே, மீதி அரையை எங்க விட்டீங்க" என்று வலியோடு கேட்டான்.

கட்டுப் போட்ட பிறகு ரெஜிஸ்டரில் எழுத வேண்டும். விபத்துக்குக் காரணம் என்று ஒரு கட்டம். தொழிலாளியின் கவனக்குறைவு என்று எழுதச் சொல்லிவிட்டார்கள், எழுதினேன். மரத்துண்டு என்று ஒரு நாளும் எழுதவில்லை. திரும்பத் திரும்ப அதே இரண்டு வார்த்தை, கை வலிக்கிறது என்று நானே கடைக்குப் போய் அதற்கு ஒரு ரப்பர் ஸ்டாம்பு செய்துகொண்டேன். பெரிய புத்திசாலித்தனம் என்று வீட்டில் சொல்லிச் சிரித்தேன். இரண்டாம் வகுப்பில் நீ அதை எடுத்து உன் கணக்கு நோட்டு முழுக்கக் குத்திக்கொண்டு போய் டீச்சரிடம் அடி வாங்கியது உனக்கு ஞாபகம் இருக்கும். எனக்கு இருக்கிறது.

படத்துக்காக நீ ஆலையைச் சுற்றிக்கொண்டிருந்த நாட்களில் ஒரு காலை நம் சமையலறை ஜன்னலோரம் ஒரு நாற்காலியைப் போட்டாய், கேமராவை இறக்கி வைத்தாய், சவுண்டுக்காரர் வழக்கம்போல ஃப்ரிட்ஜை அணைத்தார். முன்னொரு தடவை அணைத்துவிட்டுத் திரும்பப் போட மறந்து, உள்ளே இருந்ததெல்லாம் கெட்டு, அம்மா அவரை வைத வசவுக்குப் பிறகு, அணைக்கும்போதெல்லாம் தன் பைக் சாவியை உள்ளே முட்டைத் தட்டின் ஓரக் குழியில் வைத்துவிடுவார், சாவியை எடுக்க வரும்போது ஞாபகம் வருமாம். நான் நாற்காலியில் உட்கார்ந்தேன். நீ சும்மா இருந்தாய். ஒரு அரை நிமிஷம் இருக்கும். எனக்குள் அந்த ஸ்டாம்பு வந்து நின்றது. உடனே "மேக்கப் எல்லாம் கிடையாதா" என்றேன், அப்புறம் மேனேஜர் மூக்குக்கண்ணாடியைத் துடைப்பது போல நடித்துக் காட்டினேன், நீ சிரித்தாய், கேமரா குலுங்கியது, அணைத்துவிட்டாய். அதற்குப் பிறகு என்னை நீ உட்காரச் சொல்லவே இல்லை. நீ என்ன கேட்காமல் கேட்க வந்தாய் என்று எனக்குத் தெரியும். பயந்து தப்பித்தேன் என்று நினைக்காதே, பயமில்லை, வெட்கம்.

நான் பேசாததை அவர்கள் ஒன்பது பேர் பேசினார்கள். முகம் வராது, பெயர் வராது, குரல் மாறியிருக்கும் என்று வாக்குக் கொடுத்தாய். சாம்பல் நிறத் துணி விரித்த மேஜைமேல் கையை வைக்கச் சொல்லி கையை மட்டும் எடுத்தாய். விரல் போனவர்கள் எங்கள் ஆலையில் நூறு பேருக்கு மேல், கையைப் பார்த்து யாரும் ஆளைச் சொல்ல முடியாது என்று கணித்தாய். சரியான கணிப்பு, அதில் தப்பே இல்லை. அந்தக் கைகளைப் பார்த்து ஆளைச் சொல்லக்கூடியவன் உலகத்திலேயே ஒரே ஒருத்தன்தான், அவன் உன் அப்பன், அப்பன்தானே என்று விட்டுவிட்டாய்.

முடித்த படத்தைப் போட்டுக் கொடுத்த பென்டிரைவோடு நீ வைத்த சீட்டில் "நீங்களும் அம்மாவும் மட்டும்" என்று கோடு போட்டு எழுதியிருந்தாய். மட்டும் என்பதன் கீழே இரண்டு கோடு. நாங்கள் இருவரும் ஒரு தடவை பார்த்தோம், அம்மா எழுந்து போய்ப் பாத்திரம் கழுவினாள். அதோடு அலமாரியில் வைத்துப் பூட்டியிருந்தால் இந்தக் கடிதமே இல்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் டைம் ஆபீஸ்காரர் ஏணி கேட்டு வந்தார். உனக்குத் தெரியும், ஆலையில் வருகை அட்டை பார்த்துக்கொண்டிருந்தவர், நானும் அவரும் ஒரே மாதம் ரிட்டயர் ஆனோம், காலையில் சேர்ந்து நடக்கிறவர். அவர் மகன் இப்போது அங்கே ஆள் எடுக்கும் ஆபீஸில் இருக்கிறான் என்பதும் எனக்குத் தெரியும். தெரிந்தது அத்தனையும் அந்த நேரத்தில் எங்கே போனதோ, நம்ம பாப்பா எடுத்த படம், உட்காரும் ஓய், ஏணி எங்கே ஓடிப்போகிறது என்று டிவியைப் போட்டுவிட்டேன். அம்மா சமையலறைக் கதவிலிருந்து கண்ணை உருட்டினாள். டீ போடவா என்று கேட்கிறாள் என்று நினைத்து இரண்டு கப் என்று விரலைக் காட்டினேன்.

முதல் கை வந்தது. சாதாரணமாக வாயை மூடிக்கொண்டு பார்த்திருக்கலாம். நகம் இரண்டாகப் பிளந்து மறுபடி வளர்ந்த கட்டைவிரல், நான் ஏழு வாரம் துடைத்த விரல், "இது நம்ம கிரேன்காரன்" என்றேன். டைம் ஆபீஸ்காரர், "அட, எப்படிய்யா சொல்ற" என்றார். அந்த "எப்படிய்யா"தான் என்னைக் கெடுத்தது. அடுத்த கைக்கு அவர் கேட்குமுன்பே சொன்னேன், இந்தத் தையல் கோணலாக இருக்கிறதே, அது ஆஸ்பத்திரியில் புதுப் பையன் போட்டது, ஆள் இன்னார். இந்தச் சுண்டுவிரல் மடங்காது, வெல்டிங்கிலிருந்து மாறி வந்தவன். இரண்டு விரல் இல்லாத கை வந்ததும், "இதைப் பார்த்துமா தெரியலை, விசிலுய்யா" என்று தொடையைத் தட்டினேன். ஒன்பதுக்கு ஒன்பது, சின்னவளே. பள்ளிக்கூடத்தில் எந்தப் பாடத்திலும் நான் இப்படி முழு மார்க் வாங்கியதில்லை. படம் முடிந்ததும் அவர் எழுந்து கையைப் பிடித்துக்கொண்டு, "யோவ், நீ அரை டாக்டர் இல்லய்யா, முழு டாக்டர்" என்றார். இருபத்தாறு வருஷத்தில் யாரும் என்னை முழுசாகச் சொன்னதில்லை. வாசல் வரை போய் ஏணியை நானே தூக்கிக் கொடுத்தேன். நீ பின்னணிக் குரல் வைக்காத படத்துக்கு நான் பின்னணிக் குரல் கொடுத்தேன், அவ்வளவுதான் நடந்தது.

அவர் கெட்ட எண்ணத்தில் சொல்லவில்லை. சாப்பிட உட்கார்ந்தபோது என்னைப் புகழ்ந்துதான் மகனிடம் சொல்லியிருக்கிறார், "அந்தாளு கையைப் பார்த்தே ஆளைச் சொல்றான்டா, ஒண்ணொண்ணா" என்று. யாரை யாரை என்று மகன் கேட்டிருக்கிறான், அவரும் ஞாபகமாகச் சொல்லியிருக்கிறார், அட்டை பார்த்த மனுஷர், பெயர் மறக்காது. அடுத்த வாரமே ஒவ்வொருவராகக் கூப்பிட்டார்கள். அதற்குப் பிறகு நடந்தது உனக்கும் தெரியும், ஆறு பேர், படம் எடுத்தவங்க சொல்லச் சொன்னதைச் சொன்னோம் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்கள், இரண்டு பேரைக் குடும்பத்தை விட்டுத் தூரத்து ஆலைக்கு அனுப்பிவிட்டார்கள், விசில் கையெழுத்துப் போடவில்லை, வேலை போய்விட்டது. அந்த ஆறு காகிதத்தைக் காட்டித்தான் ஆலையின் வக்கீல் கோர்ட்டில் உன் படத்தைப் பொய் என்று சொல்லி நிறுத்தினார். அன்றைக்கு நீ ஃபோனில் அழுதபோது, அழாதே, யார் காட்டிக்கொடுத்தானோ அவன் விளங்க மாட்டான் என்று நான் ஆறுதல் சொன்னேன். சொல்லிவிட்டு ஃபோனை வைத்தபோது அம்மா எதிரில் வந்து உட்கார்ந்து சும்மா இருந்தாள்.

போன மாதம் விசில் வீட்டுக்குப் போனேன். சைக்கிள் கடைக்குப் பின்னால் ஒரே அறை, தரை முழுக்க மடிக்காத அட்டை, அவனும் மனைவியும் மருந்துக் கம்பெனிக்குப் பெட்டி மடித்துக்கொண்டிருந்தார்கள். அந்தக் கையால் அவன் என்னைவிட வேகமாக மடிக்கிறான். நான்தான் சொன்னேன் என்று சொல்லிவிட்டேன், ஜோக் எதுவும் சேர்க்கவில்லை. அவன் தலையைத் தூக்காமல், "தெரியும் டாக்டரே, விசாரணையிலேயே சொல்லிட்டாங்க, உங்க டாக்டரே உங்களைக் காட்டிட்டாரு, இன்னும் என்ன மறைக்கிறன்னு" என்றான். ஆலையில் எல்லாருக்கும் முதல் நாளிலிருந்தே தெரிந்திருக்கிறது. முடி வெட்டுகிறவர் இரண்டு மாதமாக என்னிடம் பேசாமல் வெட்டியதற்கு அப்போதுதான் எனக்குக் காரணம் தெரிந்தது. காகிதத்தில் ஏன் கையெழுத்துப் போடவில்லை என்று கேட்டேன், "போடுற விரலைத்தான் ஏற்கெனவே வாங்கிட்டீங்களேன்னு சொன்னேன்" என்று சிரித்தான். அவன் திட்டியிருந்தால் நான் கொஞ்சம் லேசாக வீட்டுக்கு வந்திருப்பேன். திட்டவில்லை. "பாப்பா எப்படியிருக்கு, அடுத்து என்ன படம் எடுக்குது" என்று கேட்டான். நான் ஒரு அட்டையை எடுத்து மடிக்கப் பார்த்தேன். அவன் மனைவி தண்ணீர்கூடக் கொடுக்கவில்லை, கொடுக்க வேண்டியதும் இல்லை. வாசல் வரை வந்து, "ஒரு எடத்துல அவருக்கு வேலை பேசிட்டிருக்கோம், நீங்க வந்து போறதை யாராச்சும் பார்த்தா அதுவும் போயிரும், இனிமே வராதீங்கய்யா" என்றாள். கையைக் கூப்பிக்கொண்டுதான் சொன்னாள். அதனால் இனி அங்கேயும் போக முடியாது.

தொழிலாளர் ஆபீஸுக்கும் போனேன். இத்தனை வருஷம் காரணத்தைப் பொய்யாக எழுதியவன் நான், மரத்துண்டைப் பார்த்தவன் நான், எழுதிக்கொள்ளுங்கள் என்றேன். சின்ன வயசு அதிகாரி, மரியாதையான பெண், உட்காரச் சொல்லி முழுவதும் கேட்டாள். "ரெஜிஸ்டர் இருக்காங்கய்யா" என்றாள். பழைய ரெஜிஸ்டர் எல்லாம் காகித ஆலைக்குப் போய்க் கூழாகிவிட்டது. என்னிடம் இருப்பது அந்த ஸ்டாம்பு மட்டும்தான், ரிட்டயர் ஆன அன்று பையில் போட்டுக்கொண்டு வந்துவிட்டேன், எதற்கு என்று தெரியாமலே. அதை மேஜைமேல் வைத்தேன். அவள் திருப்பிப் பார்த்துவிட்டு, "இது எந்தக் கடையில கேட்டாலும் செஞ்சு தருவாங்களேய்யா" என்றாள். வாஸ்தவம்தான், நானும் கடையில்தான் செய்தேன். டைம் ஆபீஸ்காரர் இப்போது எதிர்ப்பக்கம் நடக்கிறார், என்னைப் பார்த்தால் செருப்பைச் சரிசெய்யக் குனிந்துவிடுகிறார், ஏணியும் அங்கேயே இருக்கிறது. அவரைக் கோபித்துக்கொள்ள எனக்கு வாய் இல்லை, சொன்ன வாய் என் வாய்.

ஆக நான் எதையும் சரிசெய்யவில்லை, சின்னவளே, சரிசெய்ய வழியும் தெரியவில்லை. கிரேன்காரன் தூரத்து ஆலையில் தனியாகக் கிடக்கிறான், கையெழுத்துப் போட்ட ஆறு பேரும் தெருவில் ஒருவரையொருவர் பார்ப்பதில்லை, மரத்துண்டு இன்னும் பட்டனிலேயே இருக்கிறதாம், போன வாரம் இன்னொருவனுக்கு விரல் போயிருக்கிறது. ஆனால் உன் ஒன்பது பேருக்கு நடந்த விபத்துக்குக் காரணம் என்ற கட்டத்தில் இந்த ஒரு தடவை மட்டும் அந்த ஸ்டாம்பை உண்மையாகக் குத்தலாம், தொழிலாளியுடைய கவனக்குறைவு இல்லை, அவனுக்குக் கட்டுப் போட்டவனுடையது. நீ என்னை மன்னிக்க வேண்டும் என்று இதில் எங்கும் எழுதவில்லை, தேடாதே. கேமராவைத் திரும்ப வாங்கு என்று சொல்லவும் எனக்கு அருகதை இல்லை. சோப்பு விளம்பரமும் வேலைதான், அதில் யாருக்கும் வேலை போகாது.

ஒன்று மட்டும் சொல்லிவிடுகிறேன். பத்து நாளாக, சாப்பிட்ட பிறகு மத்தியானத்தில், அந்த நாற்காலியை ஜன்னலோரம் போட்டு உட்கார்ந்து பழகுகிறேன். அம்மா எதிரில் உன் இடத்தில் முக்காலி போட்டுக்கொண்டு கையில் கடிகாரம் வைத்திருப்பாள். முதல் நாள் நாற்பது விநாடியில் மேனேஜர் மாதிரி கண்ணாடியைத் துடைத்துவிட்டேன், அவள் எழுந்து போய்விட்டாள். மூன்றாம் நாள் இரண்டு நிமிஷம் தாங்கினேன், அப்புறம் அவள் முட்டியைப் பற்றி ஏதோ சொல்லிவிட்டேன். நேற்று ஸ்டாம்பை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன். ஒரு வார்த்தை பேசவில்லை, ஜோக்கும் வரவில்லை. எவ்வளவு நேரம் என்று கேட்டபோது அம்மா கடிகாரத்தைப் பார்க்க மறந்துவிட்டேன் என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். நீ எடுக்க வேண்டும் என்பதற்காக எழுதவில்லை. என்றைக்காவது யாராவது எடுக்க வந்தால், நீயோ வேறு யாரோ, என் முகத்தை மறைக்க வேண்டாம், குரலை மாற்ற வேண்டாம், பெயரையும் பெரிய எழுத்தில் போடலாம் என்று தெரியப்படுத்துகிறேன்.

பத்து விரலும் பத்திரமாக, நீண்ட ஆயுளோடு நீ நன்றாக இருக்க வேண்டும், என் ஆசீர்வாதம் என்றைக்கும் உண்டு, அதில் அரைகுறை இல்லை. அம்மாவும் தன் ஆசீர்வாதத்தைச் சேர்த்து எழுதச் சொன்னாள், இந்தக் கடிதத்தை மடித்து உறையில் போட்டு ஒட்டும்வரை பக்கத்திலேயே நிற்கிறாள். மறக்காமல் செய்ய வேண்டியது ஒன்று: இதைப் படித்து முடித்ததும் என்னிடம் கோபித்துக்கொள்ளுமுன் சவுண்டுக்காரருக்கு ஃபோன் பண்ணு. நம் ஃப்ரிட்ஜில் முட்டைத் தட்டின் ஓரக் குழியில் அம்மா இன்னும் முட்டை வைப்பதில்லை.

இப்படிக்கு,
உன் அப்பா,
அரை டாக்டர்